வடக்கே ஓடும் ஆறு

புவியியல் ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். வேலை பார்த்த காலம் முழுவதும் மாணவர்களுக்கு ஆற்றங்கரை நாகரிகங்களைக் கற்பித்தேன். நைல், யூப்ரடீஸ், டைகிரிஸ், சிந்து, மஞ்சள் ஆறு எல்லாவற்றையும் நீலச் சாக்பீஸால் வளைவு பிசகாமல் கரும்பலகையில் வரைவேன். புத்தகத்தைப் பார்க்கவே மாட்டேன். அதில் எனக்கு ஒரு கர்வம் இருந்தது.

வைகையை ஒருநாளும் வரைந்ததில்லை. மதுரையில் எங்கள் பள்ளி மாடியில் நின்றால் வைகைப் பாலம் தெரியும். பாலத்துக்குக் கீழே மணலும் கருவேலமும் நான்கைந்து எருமைகளும் கிடக்கும். ஓரமாகச் சாக்கடை ஓடும். யாராவது வைகையைப் பற்றிக் கேட்டால், கடலுக்குப் போக வழி தெரியாத ஆறு அது என்பேன். வகுப்பு சிரிக்கும். சிரிக்க வைப்பது எனக்குப் பிடிக்கும் என்பதால் ஆண்டுதோறும் அதையே சொன்னேன்.

இப்போது அதை நினைத்தால் வாய் கூசுகிறது. நான் குடித்த தண்ணீரும் உண்ட சோறும் அந்த ஆறு கொடுத்தவை. எனக்கு வாய்த்த மனைவியும் அந்த ஆற்றுத் தண்ணீரில் வளர்ந்தவள்தான்.

அவள் பிறந்த வீடு திருமங்கலத்துக்கு மேற்கே, கால்வாய்ப் பாசனத்தின் கடைமடையில் இருக்கிறது. வைகையில் வரும் தண்ணீர் பேரணையில் பிரிந்து, கால்வாய் வழியாக ஊர் ஊராகக் கடந்து, கடைசியில் அவர்கள் வயலுக்கு வந்து சேர வேண்டும். பல ஆண்டுகள் வந்து சேராது. மேலே உள்ளவர்கள் எடுத்துக்கொண்ட மிச்சம்தான் கடைமடைக்கு. வரும் ஆண்டில் அந்த வீட்டுக்காரர்கள் அத்தனை பேரும் கால்வாய்க்குப் போய் நிற்பார்கள். கல்யாணமாகித் திருநகரில் குடித்தனம் வைத்த பிறகும், தண்ணீர் வருகிறது என்று அண்ணன் சொல்லியனுப்பினால் போதும், என் மனைவி பஸ் ஏறிவிடுவாள். நீங்களும் வாங்களேன் என்று கூப்பிடுவாள். விடைத்தாள் திருத்த வேண்டும் என்பேன். ஒரு கால்வாயில் தண்ணீர் வருவதைப் பார்க்க என்ன இருக்கிறது என்றும் ஒருமுறை கேட்டேன். அவள் எனக்கு மதியச் சோற்றை எடுத்து வைத்து மூடிவிட்டுப் போனாள்.

அவளுக்கு உடம்பு முடியாமல் போய் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, அவளுடைய அண்ணனும் நானும் கட்டிலுக்கு இரு பக்கமும் இருந்தோம். அவர் என்னைவிட மூத்தவர். என்னை மாப்ள என்பார், நான் அவரை மச்சான் என்பேன். அன்று அவள் எங்கள் இருவரையும் பார்த்துப் பொதுவாகச் சொன்னாள்.

"எரிச்சு முடிச்சா என்னைய எங்கிட்டும் கொண்டுபோகாதீங்க. நம்ம கால்வாயில தண்ணி வாரப்ப விட்டுருங்க. வயக்காட்டுக்குப் போயிருவேன்."

அண்ணன் தலையைத் திருப்பிக்கொண்டார். நான் சரி என்றேன். யோசிக்காமல் சொன்ன சரி அது.

அவள் இறந்தது கோடையில். கால்வாய் காய்ந்து வெடித்துக் கிடந்தது. அது எனக்கு வசதியாகப் போயிற்று. தண்ணீர் வர எத்தனை மாதம் ஆகுமோ, அதுவரை அஸ்தியை வீட்டில் வைத்துக்கொண்டிருக்க முடியுமா, காசிக்குக் கொண்டுபோய்க் கங்கையில் கரைக்கிறேன் என்றேன். சொந்தபந்தம் எல்லாம் நல்ல காரியம் என்றது. மச்சான் மட்டும் எழுந்து, "அவ சொன்னது ஒங்க காதுல விழுந்துச்சா இல்லையா?" என்று கேட்டார். நான் காய்ந்த கால்வாயைக் காரணம் காட்டினேன். அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு நடந்துவிட்டார்.

உண்மையை எழுதிவிடுகிறேன். ஐப்பசி வரை காத்திருந்திருக்கலாம். மண்கலயம் வீட்டு மூலையில் இருந்தால் யாருக்கும் எந்தத் தொந்தரவும் இல்லை. ஆயுள் முழுவதும் கற்பித்த கங்கையை நான் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. அவளைக் காசிக்குக் கொண்டுபோனேன் என்று ஊர் சொன்னது. அவளைச் சாக்காக வைத்துக்கொண்டு நான்தான் போனேன்.

யாத்திரைக் கூட்டம் ஒன்றோடு ரயில் ஏறினேன். மகளுக்கு அப்போது பிரசவ நேரம், வர முடியவில்லை. காசியில் விடியற்காலையில் படகில் ஏற்றினார்கள். தமிழ் பேசும் புரோகிதர் ஒருவர் மந்திரம் சொல்லிக்கொண்டே வந்தார். கங்கை இமயத்திலிருந்து இறங்கிக் கிழக்கும் தென்கிழக்குமாக ஓடுவது. காசியில் மட்டும் பிறை போல வளைந்து வடக்கே திரும்புகிறது. அதனால்தான் அங்கே அதற்கு அத்தனை புனிதம். இதை நான் தேர்வில் கேள்வியாகக்கூடக் கேட்டிருக்கிறேன். படகு நடு ஆற்றுக்கு வந்ததும் எனக்கு அந்த ஞாபகம்தான் வந்தது. சூரியன் எதிர்க்கரையில் எழுந்துகொண்டிருந்தது. யாரோ விட்ட சாமந்தி மாலை ஒன்று மிதந்து போயிற்று. மாலை போகும் திசையைப் பார்த்து நின்றேன். சூரியன் வலக்கைப் பக்கம் இருந்தது. அப்படியானால் ஓட்டம் வடக்கே. புத்தகத்தில் இருந்தது கண்முன்னால் சரியாக இருந்தது. எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தை மறைக்க மாட்டேன்.

புரோகிதர் என் கையைத் தட்டினார். கலயம் காலியாக இருந்தது. அவர் சொன்னபோது கை கவிழ்த்திருக்கிறது. அவள் தண்ணீரில் விழுந்ததை நான் பார்க்கவில்லை.

ஊர் திரும்பியதும் மச்சான் வீட்டுக்குப் போனேன். பேச மாட்டார் என்றுதான் நினைத்தேன். கட்டிலில் உட்கார்ந்திருந்தவர் நகர்ந்து எனக்கு இடம் விட்டு, "கரைக்கிறப்ப பாத்தீங்களா? எப்படிப் போனா?" என்று கேட்டார்.

பார்க்கவில்லை என்று அப்போதே சொல்லியிருக்கலாம். நான் கதை கட்டினேன். முதலில் ஒரு நொடி அப்படியே நின்றாள், பிறகு பால் போல வெள்ளையாக விரிந்தாள், ஒரு சாமந்தி மாலை பக்கத்திலேயே துணைக்குப் போனது, படித்துறை மறையும் வரை தெரிந்தாள் என்று சொன்னேன். வகுப்பில் கதை சொல்லிப் பழகிய வாய். மச்சான் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். நல்லபடியாத்தேன் போயிருக்கா மாப்ள, நாந்தேன் ஒங்களத் தப்பா நெனச்சுட்டேன் என்றார். உள்ளே குரல் கொடுத்து எனக்குச் சாப்பாடு போடச் சொன்னார். அன்று அந்த வீட்டில் வயிறாரச் சாப்பிட்டேன்.

அதற்குப் பிறகு அவர் என்னை ஒருபோதும் விடவில்லை. தீபாவளிக்கு அரிசி வரும், பொங்கலுக்குக் கரும்பும் மஞ்சளும் வரும். எனக்குக் கண் ஆபரேஷன் ஆனபோது என் வீட்டில் வந்து தங்கி, சாம்பார் ருசியில்லை என்று தினமும் குறை சொல்லிக்கொண்டே எனக்கு மருந்து ஊற்றினார். தனியாக இருக்கும் கிழவனுக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? அந்த அன்பு ஒரு பொய்யின் மேல் நிற்கிறது என்பது எனக்கு மட்டும் தெரியும். விசேஷ வீடுகளில் அவர் பக்கத்து இலைக்காரரிடம் அந்தச் சாமந்தி மாலைக் கதையைச் சொல்லுவார். நான் பாயசத்தைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

போன கோடையில் மகள் விடுமுறைக்கு வந்தாள். என்னையும் மச்சானையும் காரில் ஏற்றிக் கீழடி அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப்போனாள். திருப்புவனம் போகும் வழியில் மதுரைக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. நான்தான் அதுவரை போனதில்லை. செய்தித்தாளில் படித்ததோடு சரி.

உள்ளே குளுகுளுவென்று இருந்ததில் மச்சானுக்குப் பரம திருப்தி. கண்ணாடிக்குப் பின்னால் தாயக்கட்டை இருந்தது. நூல் நூற்கும் தக்களியின் மண் குண்டுகளும், காதணிகளும், தங்கத் துண்டுகளும் இருந்தன. சுட்ட மண் வளையங்களை அடுக்கி இறக்கிய உறைகிணறு இருந்தது. வரிசை வரிசையாகப் பானை ஓடுகள், ஓடுகளில் பழைய எழுத்தில் கீறிய பெயர்கள். ஈரம் காய்ந்த பானையில் கூரான ஏதோ ஒன்றால் கீறியிருக்கிறார்கள். ஈராயிரம் ஆண்டுகளுக்கும் முந்தையது என்று மகள் படித்துச் சொன்னாள். மச்சான் குனிந்து பார்த்தார்.

"பானையில பேரு எழுதி வச்சிருக்காய்ங்கன்னா, பக்கத்து வீட்டுக்காரன் தூக்கிட்டுப் போயிருவான்னுதேன். அப்பவே நம்மூரு இப்படித்தேன் இருந்திருக்கு மாப்ள."

மகள் சிரித்தாள். காவலுக்கு நின்றவரும் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் கீறல்களை விட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை. சொந்தப் பெயரை எழுதத் தெரிந்த ஊர் அது. செங்கல்லால் கட்டி, வடிகால் அமைத்து, நூல் நூற்று, தாயம் உருட்டி வாழ்ந்த ஊர். அது நைல் கரையிலோ சிந்துக் கரையிலோ இல்லை. என் பள்ளி மாடியிலிருந்து தெரிந்த அதே ஆற்றின் கரையில் இருந்தது. நான் அந்த ஆற்றைச் சொல்லிப் பிள்ளைகளைச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தேன்.

சுவரில் ஒரு பெரிய வரைபடம் இருந்தது. வைகையின் இரு கரைகளிலும், பிறக்கும் மலையிலிருந்து அழகன்குளம் கடற்கரை வரை, பழைய ஊர்கள் புள்ளிகளாக இருந்தன. புள்ளிகளைப் பின்தொடர்ந்து மேற்கே போனேன். அங்கேதான் ஆற்றின் போக்கை வாழ்நாளில் முதல்முறையாக ஒழுங்காகப் பார்த்தேன். வருசநாட்டு மலையில் பிறக்கிறது. கிழக்கே கடல் இருக்க, அது கிழக்கே இறங்கவில்லை. மலைகளுக்கு நடுவே வடக்கே ஓடுகிறது. ஆண்டிபட்டிப் பக்கம் வந்த பிறகுதான் வளைந்து கிழக்கே திரும்பிச் சோழவந்தான், மதுரை, மானாமதுரை, பரமக்குடி என்று போகிறது.

ஓர் ஆறு வடக்கே ஓடுவதைப் பார்க்க நான் பாதி இந்தியாவைக் கடந்து போயிருந்தேன். அந்த மும்முரத்தில் அவளைப் பார்க்காமல் விட்டேன். என் ஆறும் வடக்கேதான் ஓடுகிறது, பஸ்ஸில் போய்ப் பார்த்துவிட்டுச் சாயங்காலம் வீடு திரும்பிவிடலாம்.

வீட்டுக்கு வந்து பழைய அட்லஸை எடுத்துப் பல நாள் உட்கார்ந்தேன். நான் கேலி செய்த விஷயத்துக்கும் விடை அதில் இருந்தது. வைகை ஏன் கடலுக்குப் போவதில்லை? வழி நெடுக இரு பக்கமும் கண்மாய்கள். ஆற்றிலிருந்து ஒரு வாய்க்கால் ஒரு கண்மாயை நிரப்பும், அது நிரம்பி மறுகால் பாய்ந்து அடுத்ததை நிரப்பும், அது அதற்கடுத்ததை. மழை குறைந்த இந்தச் சமவெளியில் ஆண்டுக்குச் சில வாரமே ஓடும் ஆற்றை மனிதர்கள் இப்படிக் கைமாற்றிக் கைமாற்றிப் பிடித்து வைத்திருக்கிறார்கள். கடைசி மிச்சம் ராமநாதபுரத்துப் பெரிய கண்மாயில் சேர்கிறது. பெருவெள்ளம் வந்தால்தான் கடலுக்குக் கொஞ்சம் கிடைக்கும். நைல் ஆண்டுதோறும் தானாகப் பெருகி வயலுக்கு வந்தது. இங்கே ஆற்றைக் கூப்பிட்டு வர வேண்டியிருந்தது. பானையில் பெயர் எழுதியவர்களின் காலத்திலேயே அந்தக் கூப்பிடுதல் தொடங்கியிருக்கும் என்று நினைத்துக்கொள்கிறேன். நிரூபிக்க என்னிடம் எதுவும் இல்லை. ஆனால் என் மனைவி பஸ் ஏறிப் போய் நின்றது அதற்காகத்தான் என்று அப்போது புரிந்தது. அவளிடம் சொல்ல முடியாது. சொல்ல வேண்டிய ஆள் ஒருவர் மிச்சம் இருந்தார்.

ஐப்பசிக் கடைசியில் மச்சான் போன் செய்தார். அணையில் திறந்துவிட்டார்கள், நாளைக்கு நம்ம மடைக்கு வருமாம் என்றார். நானும் வாரேன் என்றேன். நீங்களா என்றார். பிறகு, வழுக்கும், நல்ல செருப்பாப் போட்டுட்டு வாங்க என்றார்.

காலையில் கால்வாய்க் கரையில் ஏழெட்டுப் பேர் நின்றார்கள். மச்சான் தோளில் மண்வெட்டியும், ஒரு தூக்குப்பையில் அரளியும் சம்பங்கியும் வைத்திருந்தார். கால்வாய்க்குள் பிளாஸ்டிக் பைகளும் பிராந்தி பாட்டில்களும் கிடந்தன. பத்து மணி வாக்கில் தண்ணீர் வந்தது. நான் நினைத்தது போல இல்லை. வேகமே இல்லாமல், பழுப்பு நிறத்தில், நுரையையும் சருகையும் தள்ளிக்கொண்டு, ஒவ்வொரு வெடிப்பிலும் நின்று அதை நிரப்பிவிட்டு நகர்ந்தது. காய்ந்த மண் அதை உறிஞ்சும் சத்தம் கேட்டது. கரையில் நின்றவர்கள் செருப்பைக் கழற்றினார்கள். ஒருவர் சட்டைப்பையிலிருந்து சூடத்தை எடுத்தார்.

மற்றவர்கள் மடையைப் பார்க்க நகர்ந்த பிறகு நாங்கள் இருவர் மட்டும் நின்றோம். இதற்கு மேல் தள்ளிப்போட்டால் எங்கள் வயதில் யார் முந்துவோம் என்று தெரியாது. இந்த மனுஷன் என்னை விட்டுவிட்டால் எனக்கு யாரும் இல்லை என்பதும் தெரியும்.

"மச்சான், காசியில நான் பாக்கல."

"என்னத்தப் பாக்கல?"

"அவளக் கரைச்சப்ப நான் பாக்கல. ஒங்ககிட்டச் சொன்னது பூராம் நானாச் சொன்னது. அந்த மாலை வேற யாரோ விட்டது."

அவர் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்ப என்னத்தப் பாத்துக்கிட்டு நின்னீங்க?"

"ஆறு வடக்க ஓடுதான்னு பாத்தேன்."

"ஓடுச்சா?"

"ஓடுச்சு."

"ஒங்க படிப்புல இடி விழ" என்றார். சத்தமாகச் சொல்லவில்லை. பையைத் தரையில் வைத்துவிட்டுக் கரையோரமாகக் கொஞ்ச தூரம் போய் உட்கார்ந்தார். நானும் நின்ற இடத்திலேயே உட்கார்ந்தேன். இப்படியே எழுந்து போய்விடுவார், நான் பஸ்ஸுக்கு நடக்க வேண்டியதுதான் என்று நினைத்தேன். அதற்குத் தயாராகத்தான் வந்திருந்தேன். தண்ணீர் எங்களைத் தாண்டி அடுத்த வளைவு வரை போய்விட்டது.

அங்கிருந்தே கேட்டார். "அங்க கரைச்சது எங்கிட்டுப் போயிருக்கும்?"

"வங்கக் கடலுக்குப் போகும்."

"அதுக்கப்புறம்?"

வாழ்நாள் முழுவதும் இதைத்தான் கற்பித்தேன். ஐப்பசியில் வடகிழக்குக் காற்று வங்கக் கடலைக் கடந்து வரும்போது ஈரத்தை எடுத்துக்கொண்டு வரும், அதுதான் நமக்கு மழை, வருசநாட்டு மலையிலும் அந்த மழைதான் பெய்யும் என்றேன். இந்தக் கால்வாயில் வருவதில் அதுவும் கொஞ்சம் இருக்கும், பாதிக்கு மேல் மலையைக் குடைந்து திருப்பிவிட்ட பெரியாற்றுத் தண்ணீர், அது மேற்கே அரபிக் கடல் மழை என்று விளக்கப் போனேன். இம்புட்டு வெவரம் யாரு கேட்டா என்று அடக்கினார். எழுந்து என் பக்கத்தில் வந்து நின்றார்.

"அப்ப வந்துருவாளா?"

இன்னொரு பொய் சொல்ல அது எளிதான இடம். முடியாது என்று முடிவு செய்துதான் வந்திருந்தேன்.

"சாம்பல் மேல ஏறாது மச்சான். அது கடல்லயே தங்கிரும். தண்ணி மட்டுந்தேன் ஏறும்."

"அவ கரைஞ்ச தண்ணிதான?"

ஆமாம் என்றேன். அதில் பொய் எதுவும் இல்லை.

அவர் குனிந்து பையை எடுத்து என் மடியில் வைத்தார். "போடுங்க. இந்தத் தடவையாச்சும் கண்ண அங்கிட்டு இங்கிட்டுத் திருப்பாமப் பாருங்க."

அவர் கையைப் பிடித்துக்கொண்டு சரிவில் இறங்கிப் பூவைத் தண்ணீரில் விட்டேன். சம்பங்கி மிதந்தது, அரளி கொஞ்சம் பின்தங்கியது. கொஞ்ச தூரம் போனதும் ஒரு பிராந்தி பாட்டிலில் மாட்டி நின்றுவிட்டன. மச்சான் குடித்தவனின் பரம்பரையையே திட்டிக்கொண்டு மண்வெட்டிக் காம்பால் பாட்டிலைத் தள்ளிவிட்டார். பூ மறுபடி நகர்ந்து, அவருடைய வயலுக்குப் போகும் வாய்க்காலில் திரும்பியது. தெரியும் வரை பார்த்தேன்.

என் மனைவி கேட்டதை நான் கொடுக்கவில்லை. அதை இனிமேல் சரிசெய்ய முடியாது. ஆனால் அவள் என்னை விட்டுப்போன இடத்தில் ஓர் அண்ணனையும் ஓர் ஆற்றையும் விட்டுவிட்டுப் போயிருக்கிறாள். இரண்டும் என் கேலியையும் என் பொய்யையும் பொறுத்துக்கொண்டு எனக்குச் சோறு போட்டன. அந்த நன்றியைச் சொல்லத்தான் இதை எழுதினேன்.

அன்று மதியம் அவர் வீட்டில் சாப்பிட்டேன். இலையில் உட்கார்ந்ததும், பக்கத்தில் இருந்த உறவுக்காரர் ஒருவர் காசிக் கதையைச் சொல்லச் சொல்லி மச்சானைக் கேட்டார். மச்சான் என்னை ஒரு பார்வை பார்த்தார். பிறகு அவரிடம், "அது பழைய கதைப்பா. இந்த வருசம் தண்ணி எப்படி வந்துச்சுன்னு மாப்ள சொல்லுவாரு, கேளு" என்றார்.